பூட்டு அவர்களுடையது, குடோன் என்னுடையது

பூட்டிக் கிடந்த என் குடோனை மீட்டுத் தந்த வக்கீல் ஆபீஸைப் பற்றிய விமர்சனம் இது. முதலிலேயே சொல்லிவிடுகிறேன், அந்த ஆபீஸின் பெயரை நான் போடப்போவதில்லை. போடத்தான் நினைத்தேன். கேட்டதும் அங்கேயுள்ள வக்கீல் மேடம் கையெடுத்துக் கும்பிட்டுவிட்டார். “வேண்டாம்மா. வக்கீல் விளம்பரம் பண்ணக்கூடாதுன்னு பார் கவுன்சில் விதியே இருக்கு. நீங்க நல்ல மனசோடதான் எழுதுவீங்க. நான்தான் எழுதச் சொன்னேன்னு யாராவது புகார் போடுவாங்க.” சரி என்று விட்டுவிட்டேன். புதுச்சேரியில் நேரு வீதிக்குத் தெற்கே ஒரு குறுக்குத் தெரு, கீழே ஜெராக்ஸ் கடை, மேலே முதல் மாடி. அவ்வளவுதான் சொல்வேன். மதிப்பெண் ஐந்துக்கு நான்கு. அந்த ஒன்றை ஏன் பிடித்துக்கொண்டேன் என்பது பின்னால் வரும்.

நான் கடலூர்க்காரி. தொலைபேசித் துறையில் முப்பது வருடம் வேலை பார்த்து, 2020 ஜனவரியில் கூட்டம் கூட்டமாக விருப்ப ஓய்வில் வந்தோமே, அதில் ஒருத்தி. நெல்லிக்குப்பம் சாலையில் அப்பா கட்டிய குடோன் என் பங்குக்கு வந்தது. 4,200 சதுர அடி. அப்பா காலத்தில் பண்ருட்டிப் பக்கமிருந்து வந்த முந்திரிக்கொட்டை மூட்டைகள் கூரை வரை அடுக்கியிருக்கும். 2011 டிசம்பர் 30 அன்று தானே புயல் கூரைத் தகட்டைப் பிய்த்துப் பக்கத்து வயலில் போட்டது. மூட்டையெல்லாம் நனைந்து, அத்தோடு அப்பா அந்தத் தொழிலையே விட்டார். பிறகு நான் கூரை மாற்றி, ஷட்டர் வைத்து, 2017-ல் ஒரு பிரைவேட் லிமிடெட் கம்பெனிக்கு வாடகைக்கு விட்டேன். தலைமை அலுவலகம் சென்னையில். ஃபிரிட்ஜ், வாஷிங் மெஷின், ஏசி மொத்த விற்பனை. மாத வாடகை 46,000 ரூபாய். அட்வான்ஸ் நான்கு மாத வாடகை, அதாவது 1,84,000. அக்ரிமெண்ட்டைப் பதிவும் செய்திருந்தோம். ஐந்து வருடம் ஐந்தாம் தேதி தவறாமல் பணம் கணக்கில் விழுந்தது. 2022 மே மாதம் இன்னும் மூன்று வருடத்துக்குப் புதுப்பித்தோம். கம்பெனிக்கு விட்டால் பிரச்சினையே இல்லை என்று அக்கம்பக்கத்தில் எல்லாருக்கும் சொல்லிக்கொண்டு திரிந்தவள் நான்.

ஆகஸ்ட் வாடகை வரவில்லை. போன் செய்தால், “ஆடிட் நடக்குது மேடம், அடுத்த வாரம் போட்டுடுவாங்க.” அந்த அடுத்த வாரம் ஆறு மாதம் ஓடியது. பிப்ரவரியில் குடோன் பக்கம் போனால் ஷட்டரில் எங்கள் இருவருக்கும் சம்பந்தமில்லாத ஒரு புதுப் பூட்டு. பக்கத்தில் பசை போட்டு ஒட்டிய ஆங்கிலக் காகிதம். வெயிலில் ஒரு மூலை சுருண்டிருந்தது. கம்பெனி மீது திவால் நடவடிக்கை தொடங்கிவிட்டது, சென்னை தேசிய கம்பெனிச் சட்டத் தீர்ப்பாயம் 2023 பிப்ரவரி 1 அன்று உத்தரவு போட்டிருக்கிறது, இனி எல்லாம் தீர்வு அதிகாரி ஒருவரின் பொறுப்பு என்று இருந்தது. ஆர்.பி. என்று எல்லாரும் சொல்வது அவரைத்தான். நான் அங்கேயே நின்று மூன்று தடவை படித்தேன். வாடகை பற்றி அதில் ஒரு வார்த்தை இல்லை.

முதல் ஆலோசனை எங்கள் புரோக்கரிடமிருந்து இலவசமாகக் கிடைத்தது. “அக்கா, கட்டர் வெச்சு அறுத்துடலாம். சாமானை வெளியே எடுத்து வெச்சுட்டு நம்ம பூட்டைப் போடலாம். நம்ம இடம்தானே?” இரண்டாவது ஆலோசனைக்கு 15,000 ரூபாய் கொடுத்தேன். கடலூரிலேயே ஒரு வக்கீல். பெயர் வேண்டாம். காலி செய்யச் சொல்லி நோட்டீஸ் விட்டார், அப்புறம் வாடகை நீதிமன்றத்தில் மனு என்றார். ஆர்.பி. தரப்பிலிருந்து இரண்டே வரியில் பதில் வந்தது. திவால் சட்டம் 14-வது பிரிவுப்படி தடைக்காலம் நடக்கிறது, சொத்தை மீட்க எந்த நடவடிக்கையும் எடுக்க முடியாது. அதைக் காட்டியதும் நம் வக்கீல், “இந்தக் கம்பெனி கேஸ் எல்லாம் நமக்கு வராதுங்க” என்றார். அதைப் பணம் வாங்குவதற்கு முன்னால் சொல்லியிருக்கலாம்.

கூட வேலை பார்த்த தோழி ஒருத்திதான் புதுச்சேரி ஆபீஸைச் சொன்னாள். 2023 மார்ச்சில் பஸ் ஏறினேன். கடலூரிலிருந்து பெண்ணையாற்றைத் தாண்டி முள்ளோடை வந்தால் மாநிலமே மாறிவிடும், வாடகைச் சட்டமும் மாறிவிடும். நம் பக்கம் 2017-ல் நிறைவேறி 2019 பிப்ரவரியில் நடைமுறைக்கு வந்த தமிழ்நாட்டுச் சட்டம். அந்தப் பக்கம் அப்போதும் 1969-ம் வருடத்துக் கட்டட வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம். அதனால் புதுச்சேரி வக்கீல் கடலூர் குடோனுக்கு என்ன செய்வார் என்ற சந்தேகம் எனக்கு இருந்தது. முதலியார்பேட்டையில் மூடிக் கிடக்கும் ஏ.எஃப்.டி. மில்லின் சுவர் ஓரமாகப் பஸ் போகும்போது, நம் ஷட்டரும் இப்படித்தான் துருப்பிடிக்கப் போகிறது என்று வயிற்றைப் பிசைந்தது.

சந்தேகத்தைத்தான் முதலில் கேட்டேன். மேடத்துக்கு நாற்பது வயதிருக்கும். சிரித்தார். “குடித்தனக்காரர் தனி ஆளா இருந்தா நீங்க சொல்றது சரி. கம்பெனி திவாலாச்சுன்னா கடலூரானாலும் புதுச்சேரியானாலும் ஒரே சட்டம், ஒரே இடம். சென்னை ராஜாஜி சாலை.” தமிழ்நாட்டுக்கும் புதுச்சேரிக்கும் சேர்த்து அங்கேதான் தீர்ப்பாயமாம். அது அப்போதுதான் எனக்குத் தெரியும்.

அப்புறம் அவர் செய்த காரியத்துக்காகத்தான் இந்த விமர்சனத்தையே எழுதுகிறேன். மேசை இழுப்பறையிலிருந்து ஒரு முழுநீளத் தாளை எடுத்தார். பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரி ஸ்கேல் வைத்து இரண்டு கோடு கிழித்தார். மூன்று கட்டம். முதல் கட்டத்தின் தலையில் ‘ஜனவரி 31 வரை’ என்று எழுதினார். இரண்டாவதில் ‘பிப்ரவரி 1 முதல்’. மூன்றாவது கட்டத்தில் ஒன்றும் எழுதவில்லை. “இது இப்போதைக்குக் காலியா இருக்கட்டும். தேவையில்லாமலே போகலாம்.”

நான் அதுவரை வாடகைப் பாக்கியை ஒரே தொகையாகத்தான் நினைத்துக்கொண்டிருந்தேன். மாதம் ஏற ஏறப் பெருக்கிக்கொண்டே போவேன். அவர் அதை மூன்றாகப் பிரித்துக் கையில் கொடுத்தார்.

முதல் கட்டம், உத்தரவுக்கு முன்னால் நின்றுபோன ஆறு மாதம். 2,76,000. இது சாதாரணக் கடன். கம்பெனிக்குப் பால் ஊற்றியவர், பெட்டி அச்சடித்தவர் எல்லாரோடும் வரிசையில் நிற்க வேண்டிய பணம். வரிசை ரொம்ப நீளம். 53-வது பிரிவில் யாருக்கு முதலில், யாருக்குப் பிறகு என்று படிக்கட்டு மாதிரி அடுக்கியிருக்கிறார்கள். முதல் படியில் திவால் நடவடிக்கைச் செலவும் கலைப்புச் செலவும் (கம்பெனியை மூடி, சொத்தை விற்றுக் கடன்காரர்களுக்குப் பங்கிடுவதுதான் கலைப்பு). அடுத்த படியில் தொழிலாளர்களின் 24 மாதச் சம்பளப் பாக்கியும் அடமானம் வைத்திருக்கும் வங்கிகளும். அதற்குக் கீழே மற்ற ஊழியர்கள், அடமானமில்லாமல் கடன் கொடுத்தவர்கள், அரசாங்க வரி. எங்களைப் போன்றவர்களின் பழைய பாக்கிக்கு அதற்கும் கீழேதான் இடம். எங்களுக்கும் பின்னால் நிற்பவர்கள் பங்குதாரர்கள் மட்டும். “இந்தக் கட்டத்தை மனசால அடிச்சுடுங்கம்மா. வந்தா லாபம்” என்றார். முதல் நாளே இப்படிச் சொல்லும் வக்கீலை நான் பார்த்ததில்லை.

இரண்டாவது கட்டம் அப்படியில்லை. 14-வது பிரிவில் ஒரு உட்பிரிவு, கம்பெனியின் வசமுள்ள இடத்தை அதன் சொந்தக்காரர் திரும்ப எடுப்பதற்குத் தடை போடுகிறது. நம் கையைக் கட்டிப்போட்டதற்கு ஈடாக, அந்தத் தடைக்காலத்து வாடகையைத் திவால் நடவடிக்கையின் செலவாகவே, அந்தச் சட்டத்தின் கீழுள்ள ஒழுங்குமுறைகளில் 31-வது சேர்க்கிறது. அதாவது முதல் படி. வங்கிக்கும் முன்னால். “இதுல ஒரு மாசம் கூட நழுவக்கூடாது” என்று அந்தக் கட்டத்துக்கு அடியில் இரண்டு கோடு போட்டார்.

பூட்டை அறுக்கும் யோசனையையும் சொன்னேன். பேனாவை வைத்துவிட்டார். “குடோன் உங்களுது. பூட்டு அவங்களுது. உள்ள இருக்கிற சரக்கும் உங்களுது இல்ல. வாடகை பாக்கின்னு ஒரு ஃபிரிட்ஜைத் தூக்கினீங்கன்னா, இன்னைக்கு நீங்க பணம் வரவேண்டியவங்க, நாளைக்கு நீங்க எதிரி.” சரி, நாமே கம்பெனியைத் தீர்ப்பாயத்துக்கு இழுத்திருக்க முடியாதா என்று கேட்டேன். வாடகைப் பாக்கிக்காக அப்படிப் போகலாமா கூடாதா என்பதே கொஞ்ச காலம் இழுபறியாக இருந்ததாம். 2020-ல் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் ஒரு விதமாகச் சொன்னது, 2022-ல் ஐந்து பேர் கொண்ட அமர்வு மாற்றிச் சொன்னது. போகலாம் என்றே வைத்துக்கொண்டாலும், 2020 மார்ச் முதல் குறைந்தது ஒரு கோடி ரூபாய் பாக்கி இருக்க வேண்டும். என் 2,76,000-ஐ வைத்துக்கொண்டு அந்த வாசலை எட்டிக்கூடப் பார்க்க முடியாது.

முதல் சந்திப்புக்கு 1,500 ரூபாய். ரசீது கொடுத்தார்கள். வக்கீல் ஆபீஸில் கேட்காமலே ரசீது!

அடுத்த பத்து மாதம் அவர் எனக்குக் கொடுத்த வேலை ஒன்றே ஒன்று. மாதாமாதம் ஐந்தாம் தேதி ஆர்.பி.க்கு வாடகை பில் மின்னஞ்சலில் போக வேண்டும். நான்தான் அனுப்ப வேண்டும், அவர் இல்லை. “என் மூலமாப் போனா மெயிலுக்கு 500 ரூபாய் ஆகும், நீங்களே போடுங்க, வாசகம் மட்டும் நான் தர்றேன்.” நானும் போட்டேன். பதில் வராது. நவம்பரில் ஒரே ஒரு பதில் வந்தது. குடோன் பூட்டித்தான் கிடக்கிறது, வியாபாரம் நடக்கவில்லை, எனவே வாடகை எப்படிச் செலவாகும் என்று. எனக்குக் கை நடுங்கியது. மேடம் நான்கு வரியில் பதில் எழுதிக் கொடுத்தார். பூட்டு உங்களுடையது, உள்ளே சரக்கு உங்கள் பொறுப்பில் இருக்கிறது, நாங்கள் இடத்தைக் கேட்டால் 14-வது பிரிவைக் காட்டினீர்கள், தடையைச் சொல்லி இடத்தை வைத்துக்கொண்டால் அதன் வாடகையும் அந்தக் கணக்கில்தான் வரும். அதோடு ஷட்டர் இடுக்கு வழியாக என் மருமகன் எடுத்த போட்டோ ஒன்று. கூரை வரை அட்டைப்பெட்டி. அதற்கப்புறம் ஆர்.பி. அந்த வாதத்தை எடுக்கவில்லை.

அட்வான்ஸ் விஷயத்திலும் அவரிடம் ஒரு குட்டு வாங்கினேன். கையில் இருக்கும் 1,84,000-ஐ நாமே பாக்கியில் கழித்துவிட்டு மிச்சத்தை மட்டும் கேட்கலாமே என்றேன். தடைக்காலத்தில் அப்படி நம் இஷ்டத்துக்கு நேர்செய்துகொள்வது பொதுவாகச் செல்லாது, வம்பு வரும், பணத்தைத் தொடாமல் வையுங்கள் என்றார். 2024 ஜனவரியில் ஏர்டெல் வழக்கில் உச்ச நீதிமன்றமும் சில விதிவிலக்குகள் தவிர அதையேதான் சொன்னது. ஆனால் கம்பெனி கலைப்புக்குப் போய்விட்டால் கதை வேறு. கலைப்பு ஒழுங்குமுறைகளில் 29-வது, இரு பக்கக் கணக்கையும் நேர்செய்ய இடம் கொடுக்கிறது. அதாவது கம்பெனி பிழைத்தால் அட்வான்ஸைத் தொடக்கூடாது, செத்தால் தொடலாம். எனக்கு இது இன்னும் வேடிக்கையாகத்தான் இருக்கிறது.

செத்தது. கம்பெனியை வாங்கி நடத்த ஆள் வரவில்லை. 2023 டிசம்பர் 15 அன்று கலைப்பு உத்தரவு. அன்றைக்கு மேடம் அந்தப் பழைய தாளை வெளியே எடுத்தார். மூன்றாவது கட்டத்தில் தேதியை எழுதினார். பத்து மாதமாகக் காலியாகக் கிடந்த கட்டம்.

இங்கேதான் பலர் ஏமாறுகிறார்கள் என்று நினைக்கிறேன். கலைப்பு உத்தரவு வந்ததும் 14-வது பிரிவுத் தடை முடிந்துவிடுகிறது. அப்பாடா என்று நேராகக் கோர்ட்டுக்குப் போகத் தோன்றும். ஆனால் 33-வது பிரிவில் இன்னொரு கதவு சாத்தப்படுகிறது. கலைப்பில் இருக்கும் கம்பெனி மீது புதிதாக வழக்குப் போட முடியாது. போக வேண்டிய இடம் அதே தீர்ப்பாயம். பேச வேண்டிய ஆள் கலைப்பாளர். அவரிடம் 30 நாளுக்குள் கோரிக்கை கொடுக்க வேண்டும், ஆர்.பி.யிடம் முன்பே கொடுத்ததை அன்றைய கணக்குக்குத் திருத்தி. டிசம்பர் 15-லிருந்து 30 நாள் எண்ணிப் பாருங்கள். ஜனவரி 14. போகிப் பண்டிகை, அதுவும் ஞாயிற்றுக்கிழமை. ஊரே பழைய பாயை எரிக்கும் நாளில் நான் படிவம் ‘சி’ நிரப்பிக்கொண்டிருக்க வேண்டாம் என்று மேடம் ஜனவரி 5-க்கே முடித்துவிட்டார். அட்வான்ஸை நேர்செய்து முதல் கட்டத்தில் மிச்சம் 92,000. இரண்டாவது கட்டத்தில் பிப்ரவரி முதல் டிசம்பர் பாதி வரை பத்தரை மாதம், 4,83,000. இந்த இரண்டையும் ஒரே தொகையாகக் கூட்டாமல் தனித்தனியாகக் காட்ட வேண்டும் என்பதில் பிடிவாதமாக இருந்தார். கூட்டிவிட்டால் முழுவதையும் கீழ்ப் படிக்குத் தள்ளிவிடுவார்களாம்.

பணம் ஒரு பக்கம். எனக்கு இடம் வேண்டும். பண்ருட்டி வியாபாரி ஒருவர் மூன்று மாதமாகக் கேட்டுக்கொண்டிருந்தார்.

இதற்கு மேடம் செய்தது ஒரே ஒரு கடிதம். பொங்கல் முடிந்து 17-ம் தேதி ரெஜிஸ்டர் தபாலில் அக்னாலட்ஜ்மெண்ட் அட்டையோடு போனது, மின்னஞ்சலிலும் போனது. ஒரு பக்கம்கூட இல்லை. கலைப்பு ஒழுங்குமுறை 10-ன்படி, கம்பெனிக்குச் சுமையாக இருக்கும் சொத்தையோ ஒப்பந்தத்தையோ வேண்டாம் என்று கைகழுவக் கலைப்பாளர் ஆறு மாதத்துக்குள் தீர்ப்பாயத்தில் அனுமதி கேட்கலாம். நாம் எழுத்தில், ‘இந்த வாடகை ஒப்பந்தத்தைக் கைவிடப் போகிறீர்களா?’ என்று கேட்டு ஒரு மாதத்துக்குள் அவர் பதில் சொல்லாவிட்டால், அப்புறம் அப்படிக் கைவிடும் வாய்ப்பு அவருக்குப் போய்விடும். வாடகை ஓடிக்கொண்டே இருக்கும், கலைப்புச் செலவாக. “அவர் மடியில கடிகாரத்தைக் கட்டி விட்டிருக்கோம்மா” என்றார் மேடம். அவருடைய குமாஸ்தா ஐயா, எழுபதைத் தொட்டவர், அந்தத் தபாலை ஒட்டுவதற்கு முன்னால் நாக்கில் தொட்டுத் தொட்டு ஸ்டாம்பை எண்ணியதை இன்னும் மறக்கவில்லை.

அதோடு ஒரு மனுவும் தயாராக மேசையில் இருந்தது, 60-வது பிரிவில், இடத்தைத் திருப்பித் தர உத்தரவிடக் கோரி. பழைய கம்பெனிச் சட்டக் காலத்திலேயே, கலைப்புக்குத் தேவைப்படாத வாடகை இடத்தை வைத்துக்கொண்டு கலைப்பாளர் வியாபாரம் பண்ணக்கூடாது என்று 1983-ல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறதாம். உடனே மறுபக்கத்தையும் சொன்னார். அகமதாபாத்தில் ஒரு மில்லின் நிலத்தை நூறு வருடத்துக்கு மேல் குத்தகைக்கு விட்டவர்கள், மில் கலைக்கப்பட்டது என்று திருப்பிக் கேட்டு 2016-ல் உச்ச நீதிமன்றம் வரை போயும் கிடைக்கவில்லை. நீண்ட காலக் குத்தகைக்கே ஒரு விலை இருக்கிறது, அது கம்பெனியின் சொத்து. எனக்கு மிச்சமிருந்தது ஒன்றேகால் வருடம், அதுவும் சந்தை வாடகையில், அதை விற்று யாருக்கும் ஒரு பைசா கிடைக்காது என்பதுதான் என் பலமாம். நல்லவேளை, 99 வருடத்துக்கு எழுதிக் கொடுக்கவில்லை.

26-ம் நாள் பதில் வந்தது. சரக்கைக் கணக்கெடுத்து ஏலம் விட மார்ச் கடைசி வரை இடம் வேண்டும், அதுவரை வாடகையைக் கலைப்புச் செலவாகத் தருகிறோம், பிறகு எழுதிக்கொடுத்துவிட்டுக் காலி செய்கிறோம் என்று. மனு மேசையிலேயே கிடந்தது. தாக்கல் செய்யாததால் அதற்குப் பணம் வாங்கவில்லை.

2024 மார்ச் 30, சனிக்கிழமை. மேடமே கடலூர் வந்தார். கலைப்பாளரின் ஆள் ஒருவர் சாவிக்கொத்தோடு நின்றார். சாவி திரும்பவில்லை. 13 மாத உப்புக்காற்று பூட்டுக்குள் ஏறியிருந்தது. தேங்காய் எண்ணெய் விட்டு, தட்டி, கடைசியில் அவர்களே கட்டர் கொண்டுவந்து அறுத்தார்கள். எங்கள் புரோக்கர் என்னைப் பார்த்த பார்வை இருக்கிறதே! மேடம் மட்டும் அசையவில்லை. “இப்ப அவங்க அறுக்கிறாங்க. அதுதான் வித்தியாசம்” என்று காதோரம் சொன்னார். உள்ளே சரக்கு போயிருந்தது, தெர்மாகோல் மட்டும் முழங்கால் உயரம். நான்கு பக்கக் குறிப்பு எழுதி, எந்த மூலையில் என்ன கிடக்கிறது, மீட்டர் எத்தனையில் நிற்கிறது, யார் யார் இருந்தார்கள் என்று எல்லாம் பதிந்து, இரண்டு பக்கமும் கையெழுத்து வாங்கிய பிறகுதான் என் பூட்டைப் போட விட்டார்.

கலைப்புக் கால வாடகை, மூன்றரை மாதத்துக்கு 1,61,000, ஏப்ரலில் வந்தது. திவால் நடவடிக்கைக் கால வாடகை 4,83,000, ஏலப் பணம் பங்கிட்டபோது அக்டோபரில் வந்தது. இரண்டிலும் 10 சதவீதம் டி.டி.எஸ். பிடித்திருந்தார்கள், அதை வருமான வரிக் கணக்கில் எடுத்துக்கொண்டேன். பழைய பாக்கி 92,000-ல் ஒரு ரூபாய் வரவில்லை. முதல் நாளே அடித்துவிடச் சொன்ன கட்டம் அது, அதனால் வலி கொஞ்சம் குறைவு.

இப்போது அந்த ஒரு மதிப்பெண். குடோனின் மின் இணைப்பு இன்னும் அப்பா பெயரில். கம்பெனி கட்டாமல் விட்ட கரண்ட் பில் 11,460 ரூபாய் என் தலையில் விழுந்தது, மறு இணைப்புக் கட்டணம் தனி. அதைக் கோரிக்கையில் சேர்க்க எனக்குத் தோன்றவில்லை, கேட்க அவருக்கும் தோன்றவில்லை. கொடுத்த கோரிக்கையை 14 நாளுக்குள் திருத்தலாம் என்று சட்டத்தில் இருக்கிறது, அந்த நாளும் கடந்துவிட்டது. உள்ளே இழுத்துப்போட்டதில் ஷட்டர் ஸ்பிரிங் போனது 22,000. அதுவும் அப்படியே. மேடம் மழுப்பவில்லை. “அது என் தப்பும்மா, இணைப்பு யார் பேர்லன்னு முதல் நாளே கேட்டிருக்கணும்” என்று கட்டணத்தில் 3,000 குறைத்தார். நான் அந்த 3,000-ஐ வாங்கிக்கொண்டேன், மதிப்பெண்ணைத் திருப்பித் தரவில்லை. இன்னொரு குறை, போனை எடுக்கவே மாட்டார். மாலை ஏழுக்கு மேல் திரும்பக் கூப்பிடுவார், நாம் சீரியலில் உட்கார்ந்திருக்கும்போது.

மொத்தம் எனக்கு ஆனது 23,500 ரூபாய், அந்த 3,000 போக. கடலூர் வக்கீலுக்குக் கொடுத்த 15,000-ஐ இதில் சேர்க்கவில்லை, அதைப் படிப்புச் செலவில் எழுதிக்கொண்டேன்.

என் கணக்கு 2023, 24-ல் இருந்த சட்டப்படி. இந்த ஒழுங்குமுறைகளை அடிக்கடி திருத்துகிறார்கள், உங்கள் தேதிக்கு உள்ளதைக் கேட்டுக்கொள்ளுங்கள். போகும்போது அக்ரிமெண்ட்டின் அசல், ஒரு வருட வங்கிக் கணக்கு, மின் இணைப்பு அட்டை மூன்றையும் கையில் எடுத்துப் போங்கள். கடைசியாகச் சொன்னது அவருக்கும் இனி ஞாபகம் இருக்கும் என்று நம்புகிறேன். புதன்கிழமை போக வேண்டாம், சென்னைக்குக் கிளம்பிவிடுவார். மாடிப்படி ஒடுக்கம், கைப்பிடி ஒரு பக்கம்தான். முழங்கால் வலி உள்ளவர்கள் ஜெராக்ஸ் கடையில் சொன்னால் போதும், குமாஸ்தா ஐயா தாளும் ஸ்கேலுமாகக் கீழே இறங்கி வருவார்.